கம்மஞ்சோறும் கறிக்குழம்பும்: கரிசல் கும்பா கற்றுத்தரும் உணவறிவு

ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து இராஜபாளையம் போகும் சாலை இரண்டு விதமான சாப்பாட்டுக்கு நடுவே ஓடுகிறது. மேற்கே மேற்குத் தொடர்ச்சி மலை. அடிவாரத்தில் கண்மாய்ப் பாசனம், நெல் வயல், தென்னந்தோப்பு, மாந்தோப்பு. வத்திராயிருப்புப் பக்கம் பிளவக்கல் அணைத் தண்ணீர் நெல்லை விளைவிக்கிறது. அதே சாலையிலிருந்து கிழக்கே வெம்பக்கோட்டை, சாத்தூர் என்று போனால் சிறிது தூரத்தில் மண் கறுத்துவிடும். அங்கே ஐப்பசி, கார்த்திகை மழையை நம்பித்தான் வெள்ளாமை. கம்பும் சோளமும் குதிரைவாலியும் கேப்பையும் பருத்தியும் பாசிப்பயறும் அந்த மண்ணின் பயிர்கள். நிலத்தை அங்கே வயல் என்று சொல்வதில்லை, காடு என்றுதான் சொல்வார்கள்.

அந்தக் காட்டுக்காரர்களின் வீட்டில் நெல்லுச்சோறு தீபாவளிக்கும் பொங்கலுக்கும் விருந்தாளிக்கும் உரியதாக இருந்தது. அன்றாடம் வெந்தது கம்மஞ்சோறும் சோளச்சோறும். கும்பாவில் ஒரு உருண்டையை வைத்து, நடுவே குழி பறித்து, அதில் குழம்பு ஊற்றிச் சாப்பிட்டார்கள். வழக்கமாகப் பருப்பு, கீரை, கருவாடு, மொச்சை, மோர். கிடா வெட்டுக்கும் கொடைக்கும் நல்ல நாளுக்கும் கறிக்குழம்பு. நின்று வெந்த ஆட்டுக்கறியும் அதன் சாறும் கரகரப்பான தானியத்தின் மேல் இறங்கும் அந்தச் சாப்பாட்டை ஏழ்மையின் அடையாளம் என்று சிலர் ஒதுக்கினார்கள். இன்று அதையே பாரம்பரியம் என்று சிலர் கொண்டாடுகிறார்கள். இரு சாராரும் தானியத்தை மட்டுமே பார்க்கிறார்கள். தானியமும் குழம்பும் ஒன்றையொன்று தேடிச் சேர்ந்தவை. குழம்பைப் பிரித்துவிட்டால் அந்தத் தானியம் குறையுள்ள உணவு. இதை விளங்கிக்கொள்ள ஆட்டுக்கிடையிலிருந்து சட்டி வரையிலும், சட்டியிலிருந்து மருத்துவ வரலாறு வரையிலும் போய்வர வேண்டியிருக்கிறது.

ஒரே காட்டில் விளைந்தவை

கம்பு, சோளம், கேப்பை மூன்றுமே ஆப்பிரிக்காவில் பிறந்த பயிர்கள். ஏறத்தாழ 4,000 ஆண்டுகளுக்கு முன்பு இந்தியத் துணைக்கண்டத்துக்கு வந்து, மழை குறைந்த தக்காணத்திலும் தென்னாட்டிலும் வேரூன்றின. நீரைப் பிடித்துவைத்துக்கொள்ளும் கரிசல் மண்ணில், மழை நின்ற பின்னும் அந்த ஈரத்தைக் கொண்டே கதிர் முற்றிவிடும். விஜயநகரக் காலத்தையும் அதற்குப் பிந்தைய காலத்தையும் ஒட்டித் தெலுங்கு நாட்டிலிருந்து வந்த குடிகள் கரிசலில் பரவலாகக் குடியேறினார்கள். அந்த இடப்பெயர்வைத்தான் இடைசெவலில் பிறந்த கி. ராஜநாராயணன் 1976-இல் வெளியான ‘கோபல்ல கிராமம்’ நாவலில் எழுதினார். இராஜபாளையத்தின் ராஜுக்களும் தெலுங்கு பேசுகிறவர்களே. ராயலசீமாவில் இன்றும் கேப்பைக் களியான சங்கட்டிக்கு நாட்டுக்கோழிக் குழம்பும் ஆட்டுக்கறிக் குழம்பும் இணை. பழைய மைசூர்ப் பகுதியில் ராகி முத்தைக்கும் கறிச்சாறுக்கும் அதே உறவு. வறண்ட நிலம் எங்கே இருக்கிறதோ அங்கே இந்த இணையும் இருக்கிறது.

அதற்குக் காரணம் நிலத்திலேயே இருக்கிறது. கம்பும் சோளமும் அறுத்தபின் காட்டில் தட்டை நிற்கும். சோளத்தட்டை உழவு மாட்டுக்குத் தீவனம். மாடு விட்டதை ஆடு மேயும். கீதாரிகள் என்னும் ஆட்டு மேய்ப்பர்கள் மந்தையை ஓட்டிவந்து அறுப்பு முடிந்த காட்டில் கிடை போடுவார்கள். இரவில் ஆடுகள் அடையும் இடத்தில் புழுக்கையும் மூத்திரமும் விழுந்து அடுத்த வெள்ளாமைக்கு உரமாகும். கிடைக்கு நிலத்துக்காரர் தானியமாகவோ பணமாகவோ கூலி கொடுப்பார். ஆக, கம்பு விளைந்த காடு ஆட்டை வளர்த்தது, ஆடு அடைந்த காடு மறுபடி கம்பை வளர்த்தது. கும்பாவில் சந்தித்துக்கொண்ட தானியமும் கறியும் காட்டிலேயே உறவு கொண்டவை.

அந்த ஆடுகளும் இந்த மண்ணுக்கே உரியவை. கறுப்பு உடலில் முகத்திலும் காலிலும் வெள்ளைக்கோடு ஓடினால் பால்கன்னி, செங்கோடு ஓடினால் செங்கன்னி என்று அழைக்கப்படும் கன்னி ஆடு விருதுநகர், தூத்துக்குடி, திருநெல்வேலி மாவட்டங்களின் வெள்ளாட்டினம். வெள்ளை உடலில் செம்பொட்டுகள் கொண்ட வேம்பூர் ஆடு இதே கரிசலின் செம்மறியினம். பல மைல் நடந்து மேயும் ஆடுகள் இவை. நடக்கிற ஆட்டின் காலிலும் தொடையிலும் கழுத்திலும் சவ்வும் நரம்பும் அதிகம். அப்படிப்பட்ட கறியை அவசரமாக வாட்டினால் மெல்ல முடியாது. நின்று வேகவைக்கும் முறை இந்த ஆட்டிலிருந்தே வந்தது.

சட்டிக்குள் நடப்பது

கறிக்கடையில் இளங்கறி கேட்பவர்கள் அதிகம். வறுவலுக்கு அது சரி. குழம்புக்கு நெஞ்செலும்பும் முன்னங்காலும் கழுத்தும் கொஞ்சம் நல்லியும் கலந்து வாங்குகிறவர்தான் விவரமானவர். அங்கேதான் கொலாஜன் இருக்கிறது. தசை நார்களைக் கட்டிவைத்திருக்கும் சவ்வுப் புரதம் அது. ஆட்டுக்கு வயது ஏற ஏற அதன் பிணைப்புகள் இறுகும், அதனால்தான் முத்தல் கறி வேக நேரமாகிறது.

கறி சூடேறி 60 பாகை செல்சியஸைத் தாண்டும்போது தசைப் புரதம் சுருங்கித் தன் நீரைப் பிழிந்து வெளியேற்றும். இந்தக் கட்டத்தில் கறியைத் தொட்டால் முன்னைவிடக் கடினமாக இருக்கும். புதிதாகச் சமைக்கிறவர்கள் பயந்துபோவது இங்கேதான். 70 பாகைக்கு மேல் கொலாஜன் தன் முறுக்கைத் தளர்த்தி ஜெலட்டினாகக் கரையத் தொடங்குகிறது. அந்தக் கரைசலுக்கு வேண்டியது நேரம். தளதளவென்று கொதிக்க விட்டால் நார் இன்னும் சுருங்கும். ஓரத்தில் மட்டும் மெல்லக் குமிழ் விடும் சூட்டில் ஒன்றரை மணியிலிருந்து இரண்டு மணி நேரம் இருந்தால் சவ்வு கரைந்து, நார்கள் ஒன்றை ஒன்று விட்டுப் பிரியும். கரைந்த ஜெலட்டின்தான் குழம்புக்கு உதட்டில் ஒட்டும் பிசுபிசுப்பைத் தருகிறது. மாவு கரைத்து ஊற்றாமலே கறிக்குழம்பு கெட்டிப்படுவதன் காரணங்களில் ஒன்று அது. அரைத்த வெங்காயமும் தேங்காயும் கசகசாவும் மற்றவை.

கரிசல் வீடுகளில் செய்யும் முறை நீளமானதில்லை, பொறுமைதான் வேண்டும். அரை கிலோ கறியை மஞ்சள்தூள் போட்டுக் கழுவி எடுக்க வேண்டும். மண்சட்டியில் நல்லெண்ணெயோ கடலை எண்ணெயோ ஊற்றி, சோம்பு, பட்டை, கறிவேப்பிலை தாளித்து, இரண்டு கைப்பிடி சின்ன வெங்காயத்தைப் பொன்னிறத்தையும் தாண்டிச் சிவக்க வதக்க வேண்டும். இஞ்சி பூண்டு விழுது, பிறகு கறி. கறி தன் தண்ணீரை விட்டு, அந்தத் தண்ணீரும் வற்றி, எண்ணெயில் உரசும் சத்தம் மாறும் வரை கிளற வேண்டும். சலசலப்பு அடங்கிப் பொரிகிற சத்தம் வந்ததும்தான் வத்தல், மல்லி, சீரகம், மிளகு வறுத்து அம்மியில் அரைத்த மசாலைப் போட வேண்டும். இந்த இடத்தில் அவசரப்பட்டால் மசால் பச்சை வாசம் அடிக்கும். கறி மூழ்கி மேலே இரண்டு விரற்கடை நிற்கும்படி வெந்நீர் ஊற்றி, மூடி, விறகை இழுத்துவிட வேண்டும். பருத்திமார் சட்டென்று பற்றி எரிந்து அடுப்பை மூட்டித்தரும், கருவேலங்கட்டையின் கங்கு நின்று எரிந்து கறியை வேகவைக்கும். எண்ணெய் பிரிந்து மேலே மிதக்கும்போது தேங்காயும் கசகசாவும் அரைத்து ஊற்றி ஒரு கொதியோடு இறக்கினால் குழம்பு தயார்.

பிரஷர் குக்கர் இந்த நேரத்தைச் சுருக்கிவிட்டது. அழுத்தத்தில் தண்ணீர் 120 பாகை அளவுக்குச் சூடாவதால் அரை மணிக்குள் கொலாஜன் கரைந்துவிடும். அதில் தவறில்லை. ஆனால் மூடிய பாத்திரத்தில் நீர் வற்றுவதில்லை, மசாலும் சாறும் சுண்டிச் சேர்வதில்லை. குக்கரைத் திறந்தபின் இருபது நிமிடமாவது சிறுதீயில் விட்டால்தான் அது குழம்பாகும்.

இங்கே முக்கியமானது ஒன்று உண்டு. கறி வெந்த தண்ணீரை யாரும் கொட்டுவதில்லை. அரை கிலோ கறி ஆறேழு பேருக்குப் போதுமா என்றால் கறியாகப் போதாது, குழம்பாகப் போதும். ஆளுக்கு நாலு துண்டு வருமோ ஆறு துண்டு வருமோ, சாறு எல்லாருக்கும் வரும். ஊர்க்காரர்கள் சேர்ந்து ஒரு கிடாயை வாங்கிக் கூறு போட்டுப் பிரித்துக்கொள்ளும் வழக்கத்திலும் எலும்பு, ஈரல், குடல், கொழுப்பு எல்லாக் கூறிலும் விழும்படி பார்த்துத்தான் பங்கு வைப்பார்கள். சத்து எங்கே போகிறது என்று ஆய்வுக்கூடம் சொல்வதற்கு முன்பே, அது சாற்றில் இறங்குகிறது என்பதுபோல நடந்துகொண்ட சமையல் இது.

குருணையும் துடுப்பும்

கம்மஞ்சோறு செய்யும் முறையைக் கவனித்தால் அதன் நுட்பம் தெரியும். கம்பில் தண்ணீர் தெளித்துப் பிசறி, உரலில் குத்தி, சுளகில் புடைத்து உமியைப் போக்க வேண்டும். மறுபடி இடித்துச் சலித்தால் மேலே குருணை நிற்கும், கீழே மாவு விழும். இரண்டையும் ஒன்றாக உலையில் கொட்டக்கூடாது. ஒரு பங்கு தானியத்துக்கு ஏறத்தாழ மூன்று பங்கு தண்ணீர் வைத்துக் கொதித்ததும் முதலில் குருணை. அது அரைவேக்காடு தாண்டி மலர்ந்தபின் மாவைத் தண்ணீரில் கரைத்து ஊற்றி, துடுப்பால் அடிபிடிக்காமல் கிண்ட வேண்டும். குருணை பருக்கையாக நின்று வாய்க்குக் கடிபட, மாவு அதைச் சுற்றி இறுகிப் பிடிக்கும். நனைத்த கையில் ஒட்டாமல் வந்தால் வெந்துவிட்டது என்று பொருள். மூடிவைத்துச் சிறிது நேரம் புழுங்கவிட்டு உருட்டுவார்கள்.

அமெரிக்காவின் தென்மாநிலங்களில் மக்காச்சோளத்தைக் குருணையாக உடைத்துக் கிண்டிச் செய்யும் ‘கிரிட்ஸ்’ இதே குடும்பத்தைச் சேர்ந்தது. நம் சோளம் வேறு, மக்காச்சோளம் வேறு பயிர், ஆனால் சமையல் முறை ஒன்றுதான். அங்கே மக்காச்சோளக் குருணையின் மேல் பாலாடைக்கட்டியைத் துருவிக் கலந்து, நின்று வெந்த கறியையும் அதன் சாற்றையும் ஊற்றிப் பரிமாறுகிறார்கள். லூசியானாவில் மாட்டிறைச்சியை மெல்லிய துண்டுகளாக்கி வேகவைத்து இப்படிக் குருணையோடு உண்பது பேர்பெற்ற உணவு. வட இத்தாலியில் பொலெண்டா, கிழக்கு ஆப்பிரிக்காவில் உகாலி. ஊர்கள் எவ்வளவு தூரம் தள்ளியிருந்தாலும் கரகரப்பான தானியமும் கறிச்சாறும் சேர்ந்தே வருகின்றன.

சுவை இதற்கு ஒரு காரணம். நெல்லுச்சோறு உதிரி உதிரியாக இருப்பதால் குழம்பு அதன் இடுக்கில் இறங்கிவிடும். களியும் கம்மஞ்சோறும் இறுகிய உருண்டை. தொட்டு, புரட்டி, விழுங்க வழுவழுப்பான சாறு வேண்டும். ஜெலட்டினும் கொழுப்பும் நிறைந்த கறிக்குழம்பு அந்த உருண்டையின் மேல் பூசியதுபோல் நிற்கிறது. ஆனால் சுவையைத் தாண்டிய காரணம் ஒன்றும் உண்டு. அதைக் கண்டுபிடிக்க மனிதகுலம் கொடுத்த விலை பெரிது.

பெல்லாக்ரா கற்பித்த பாடம்

20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அமெரிக்காவின் தென்மாநிலங்களில் ஒரு நோய் பரவியது. வெயில் படும் இடமெல்லாம் தோல் கறுத்து உரியும், வயிற்றுப்போக்கு நிற்காது, பிறகு புத்தி பேதலிக்கும், கடைசியில் சாவு. பெல்லாக்ரா என்பது அதன் பெயர். 1940 வரையிலான காலத்தில் அது ஏறத்தாழ ஒரு லட்சம் பேரைக் கொன்றதாகக் கணக்கிடுகிறார்கள். தொற்றுநோய் என்று மருத்துவர்கள் பலரும் நம்பினார்கள். 1914-இல் அமெரிக்கப் பொதுச் சுகாதாரத் துறை மருத்துவர் ஜோசப் கோல்ட்பர்கரை அனுப்பியது. விடுதிகளில் தங்கியிருப்பவர்களுக்கு மட்டுமே நோய் வருகிறது, அவர்களைப் பார்த்துக்கொள்ளும் ஊழியர்களுக்கு வருவதில்லை என்பதை அவர் கவனித்தார். இரு தரப்பாரின் சாப்பாடு வேறு. மிசிசிப்பியின் ஜாக்சன் நகரத்தில் அனாதை இல்லக் குழந்தைகளின் உணவில் பால், முட்டை, இறைச்சி, பயறு வகைகளைச் சேர்த்தார். நோய் மறைந்தது.

1915-இல் அதே மாநிலத்தின் ராங்கின் சிறைப் பண்ணையில், விடுதலைக்கு ஈடாக முன்வந்த கைதிகளுக்குத் தென்மாநில ஏழைகளின் உணவையே கொடுத்தார். மக்காச்சோளக் குருணை, மக்காச்சோள மாவு, கரும்புப் பாகு, சோறு, சர்க்கரைவள்ளி. காலையில் குருணையின் மேல் பழுப்புக் குழம்புகூட இருந்தது. ஆனால் அது மாவையும் கொழுப்பையும் வறுத்துக் கரைத்த குழம்பு. இறைச்சி, பால், முட்டை எதுவும் கிடையாது. சில மாதங்களில் 11 பேரில் 6 பேருக்குப் பெல்லாக்ரா வந்தது. தட்டில் தானியமும் இருந்தது, குழம்பும் இருந்தது. குழம்பில் இருக்க வேண்டியது இல்லை.

இல்லாதது எது என்பதற்கான விடை 1937-இல் உயிர்வேதியியலாளர் கான்ராட் எல்வெஜெம் மூலம் வந்தது. நிக்கோடினிக் அமிலம், அதாவது நியாசின் என்னும் பி வைட்டமின். மக்காச்சோளத்தில் நியாசின் இருந்தாலும் அது உடலுக்குக் கிடைக்காதபடி கட்டுண்டு கிடக்கிறது. அந்தத் தானியத்தைப் பழக்கிய மெக்ஸிகோப் பழங்குடிகள் அதைச் சுண்ணாம்பு நீரில் வேகவைத்த பின்பே அரைத்தார்கள். அந்தக் கட்டு அதனால் அவிழும். தானியத்தை எடுத்துச்சென்ற ஐரோப்பியர்கள் அந்த அறிவை எடுத்துச்செல்லவில்லை. இத்தாலியிலும் ஸ்பெயினிலும் பெல்லாக்ரா வந்தது அதனால்தான்.

இந்தக் கதையின் அடுத்த அத்தியாயம் நம் நாட்டில் நடந்தது. தக்காணத்தில் நம் சோளத்தையே பெரும்பகுதி உண்ட ஏழைகளிடமும் பெல்லாக்ரா காணப்பட்டது. இதை ஆராய்ந்தவர் 1918-இல் சேலத்தில் பிறந்த டாக்டர் சி. கோபாலன். குன்னூரில் தொடங்கி 1958-இல் ஹைதராபாத்துக்கு மாறிய ஊட்டச்சத்து ஆய்வுக்கூடம்தான் பிற்காலத்தில் தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் ஆனது. அங்கே அவரும் ஸ்ரீகாந்தியாவும் 1960-இல் வெளியிட்ட ஆய்வு ஒரு புதிய விளக்கத்தை முன்வைத்தது. சோளத்தில் லூசின் என்னும் அமினோ அமிலம் மிகுதி, அந்த மிகுதி உடல் நியாசினைப் பயன்படுத்துவதைக் குலைக்கிறது என்பது அவர்களின் கருத்து. அந்த விளக்கத்தைப் பின்னால் வந்த ஆய்வாளர்கள் சிலர் ஏற்றார்கள், சிலர் மறுத்தார்கள். சோளத்தை மட்டுமே தின்று வாழ்வது ஆபத்து என்ற கவனிப்பு மட்டும் நின்றுவிட்டது.

சோளத்துக்கு வேறு குறைகளும் உண்டு. லைசின் என்ற அமினோ அமிலம் அதில் மிகக் குறைவு. கஃபிரின் என்ற அதன் புரதம் தண்ணீரில் வேகும்போது இன்னும் இறுகிக்கொள்கிறது, செரிமானம் குறைகிறது. கம்பில் இரும்புச்சத்து நிறைய இருந்தாலும் ஃபைடிக் அமிலம் அதைப் பிடித்துவைத்துக்கொள்கிறது.

இப்போது கறிக்குழம்பைத் திரும்பிப் பார்க்கலாம். இறைச்சியில் லைசினும் நியாசினும் தாராளம். நியாசின் சூட்டுக்கு அழியாத வைட்டமின், தண்ணீரில் கரைவது. இரண்டு மணி நேரம் வெந்தாலும் அது அழிவதில்லை, கறியை விட்டுச் சாற்றில் இறங்கிவிடுகிறது. எனவே துண்டு கிடைக்காமல் சாறு மட்டும் கிடைத்த பிள்ளைக்கும் நியாசின் கிடைத்தது. இறைச்சி உடன் இருந்தால் தானியத்தின் இரும்புச்சத்தை உடல் கூடுதலாக உறிஞ்சுகிறது என்பதும் உறுதிப்பட்ட உண்மை. அதற்குக் கொஞ்சம் கறியே போதும். நிறையத் தானியம், நிறையக் குழம்பு, கொஞ்சம் கறி என்ற கரிசல் கணக்கு இப்படித்தான் பலன் தந்தது.

கறி இல்லாத நாளில்? மோரும் பருப்பும் பயறும் அந்த இடத்தை நிரப்பின. பாலில் நியாசின் குறைவுதான். ஆனால் ட்ரிப்டோஃபேன் என்ற அமினோ அமிலம் நிறைய. உடல் ஏறத்தாழ 60 மில்லிகிராம் ட்ரிப்டோஃபேனிலிருந்து 1 மில்லிகிராம் நியாசினைத் தானே உண்டாக்கிக்கொள்ளும். கோல்ட்பர்கர் கவனித்த அனாதை இல்லக் குழந்தைகளைப் பால் காப்பாற்றியதன் காரணம் இது. அமெரிக்கக் குருணையில் பாலாடைக்கட்டி செய்யும் வேலையைக் கரிசலின் கம்மங்கஞ்சியில் மோர் செய்தது. மீந்த உருண்டையைத் தண்ணீரில் போட்டுப் புளிக்கவைத்து, காலையில் மோர் ஊற்றிக் கரைத்து, வெங்காயம் கடித்துக் குடித்தார்கள். புளிப்பு ஃபைடிக் அமிலத்தைக் குறைத்தது, மோர் புரதத்தைத் தந்தது. பாலைச் சுண்டக் காய்ச்சிப் பால்கோவா ஆக்கி 2019-இல் புவிசார் குறியீடும் பெற்ற ஸ்ரீவில்லிபுத்தூரின் மாட்டுவளம் இந்த வட்டாரத்துக் கஞ்சிச் சட்டியிலும் பங்கு பெற்றிருந்தது.

பள்ளிக்கூடத்துக்கு வந்த மஞ்சள் ரவை

அமெரிக்க மக்காச்சோளம் ஒருமுறை நேராகவே நம் பிள்ளைகளின் தட்டுக்கு வந்தது. விருதுநகரில் பிறந்து, 1957-லும் 1962-லும் சாத்தூர்த் தொகுதியிலிருந்து சட்டமன்றம் சென்ற காமராஜர், முதலமைச்சராக 1956-இல் பள்ளி மதிய உணவுத் திட்டத்தைத் தொடங்கினார். முதலில் ஊர்க்காரர்களின் நன்கொடையும் அரசின் பங்கும் சேர்ந்து அது நடந்தது. 1961-இலிருந்து அமெரிக்க ‘கேர்’ அமைப்பு மக்காச்சோள மாவும் ரவையும், பால்பவுடரும், தாவர எண்ணெயும் கொடுத்தது. அன்று பள்ளியில் படித்தவர்கள் மஞ்சள் உப்புமாவின் வாசனையை இன்றும் நினைவில் வைத்திருக்கிறார்கள்.

மக்காச்சோளத்தோடு பால்பவுடரும் வந்தது கவனிக்கத்தக்கது. பெல்லாக்ராவால் பலரை இழந்த நாடு, மக்காச்சோளத்தைத் தனியே ஊட்டக்கூடாது என்று அதற்குள் கற்றிருந்தது. கரிசல் தாய்மார்கள் கம்மஞ்சோற்றைத் தனியே ஊட்டாததும் அதே அறிவுதான். ஒன்று ஆய்வுக்கூடத்தில் பெற்றது, மற்றொன்று அடுப்படியில் தலைமுறை தலைமுறையாகச் சேர்ந்தது.

குழம்பு பரோட்டாவுக்குப் போனது

1967 தேர்தலில் ரூபாய்க்குப் படியரிசி என்ற வாக்குறுதி ஆட்சி மாற்றத்துக்கு உதவியது. 2011 ஜூன் முதல் ரேஷன் அரிசி இலவசம். பசித்தவர்களுக்கு அரிசி கிடைத்தது பெரிய நன்மை, அதைக் குறைசொல்ல இடமில்லை. உரலில் குத்தும் உழைப்பும் பெரும்பாலும் பெண்களின் தோளிலேயே விழுந்திருந்தது, அதிலிருந்து அவர்கள் விடுபட்டதும் நன்மையே. ஆனால் இந்த மாற்றத்தில் கம்பும் சோளமும் அன்றாடச் சமையலிலிருந்து விலகின. பி.எல். 480 என்னும் அமெரிக்க உணவு உதவிச் சட்டத்தின் கீழ் வந்த கோதுமையைத் தொடர்ந்து மைதா மலிவாகப் பரவியது. விருதுநகர் எண்ணெய்ப் பரோட்டா பேர் பெற்றது. இராஜபாளையத்தில் 1936-இல் பி.ஏ.சி. இராமசாமி ராஜா தொடங்கிய மில்லும் அதைத் தொடர்ந்த ஆலைகளும் ஷிப்டு நேரத்துக்கு வேலை செய்யும் ஊரை உருவாக்கின. நேரத்துக்கு ஓடும் வாழ்க்கைக்குக் கடைச் சாப்பாடு வசதி. கறிச்சாறு களியை விட்டுப் பரோட்டாவுக்குப் போனது. குழம்பு பிழைத்துக்கொண்டது, தானியம் போய்விட்டது.

காடும் மாறியிருக்கிறது. கம்பு விளைந்த மானாவாரிக் கரிசலில் இன்று மக்காச்சோளம் நிற்கிறது. பெரும்பகுதி கோழித்தீவனத்துக்குப் போகிறது. 2018-இல் இந்தியாவுக்குள் நுழைந்த, மக்காச்சோளத்தைத் தின்னும் படைப்புழு அந்த ஆண்டே இந்தக் காடுகளையும் தாக்கியது. ஒரே பயிரை நம்பியவர்களுக்கு அது பேரிடியாக இறங்கியது. கம்பும் துவரையும் பாசிப்பயறும் பருத்தியும் கலந்து விதைத்த காட்டில் ஒன்று போனாலும் மற்றொன்று நிற்கும். கிடை போடக் காலி நிலம் கேட்ட கீதாரிகளுக்கும் இடம் குறைந்துவிட்டது. தானியத்தையும் ஆட்டையும் இணைத்திருந்த சுழல் அறுந்துகொண்டிருக்கிறது.

பாதியை மட்டும் மீட்கக்கூடாது

2023-ஐ ஐக்கிய நாடுகள் சபை சிறுதானிய ஆண்டாக அறிவித்தபின் கம்பும் சோளமும் மறுபடி பேசப்படுகின்றன. பிஸ்கட்டாக, நூடுல்ஸாக, சத்துமாவாகக் கடைகளில் அடுக்கப்பட்டிருக்கின்றன. சர்க்கரையும் மைதாவும் கலந்த பொட்டலத்தில் கம்பு என்ற பெயர் மட்டும் இருந்து பயனில்லை. சர்க்கரை நோய்க்குச் சிறுதானியம் மருந்து என்று நம்பி மூன்று வேளையும் அதையே உண்பவர்களுக்கும் இந்த வரலாறு ஓர் எச்சரிக்கை. மிசிசிப்பிச் சிறையிலும் தக்காணத்துக் குடிசையிலும் நோயைக் கொண்டுவந்தது தானியத்தின் தனிமை.

தமிழ்நாட்டின் சத்துணவில் பிள்ளைகளுக்கு முட்டை கிடைக்கிறது. 2022-இல் தொடங்கிய காலை உணவுத் திட்டத்தில் உப்புமாவும் பொங்கலும் கிச்சடியும் சாம்பாரோடு பரிமாறப்படுகின்றன. அங்கே சிறுதானியத்தைச் சேர்ப்பது நல்ல யோசனை. சேர்க்கும்போது அதோடு ஊற்றும் சாம்பாரில் பருப்பு கெட்டியாக இருக்கிறதா என்று பார்ப்பது அதைவிட முக்கியம். வீட்டிலும் இதே விதிதான். கறி உண்பவர்கள் எலும்போடும் சவ்வோடும் கறி எடுத்து, நின்று வேகவைத்து, சாற்றை எல்லாருக்கும் ஊற்றட்டும். உண்ணாதவர்கள் மொச்சைக் குழம்பையும் பாசிப்பருப்பையும் கீரையையும் மோரையும் விடாமல் வைத்துக்கொள்ளட்டும். சிறுதானியம் வாங்க மானியம் கொடுக்கும் அரசு, அதோடு சுழற்சியாக விதைக்கும் பயறுக்கும், காட்டில் கிடை போடும் ஆட்டு மந்தைக்கும், கன்னி ஆட்டையும் வேம்பூர் ஆட்டையும் காப்பாற்றுகிறவர்களுக்கும் அதே அக்கறையைக் காட்ட வேண்டும். கம்மஞ்சோறு மேசைக்குத் திரும்புவதில் மகிழ்ச்சி. அது குழம்போடு திரும்பினால்தான் சத்தும் சேர்ந்து திரும்பும்.